ஒன்பதரை கஜச் சங்கிலி

வில்லோ ஃபோர்க், மினசோட்டா
நவம்பர் 20, ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்து

மதிப்புக்குரிய மைத்துனர் டுவேன் அவர்கள் சமூகத்துக்கு, தங்கை வீட்டுக்காரன் ஆர்விட் எழுதிக்கொள்வது. இவ்விடம் நானும், உங்கள் தங்கை மார்லிஸும், கொட்டகைப் பூனைகள் இரண்டும் சௌக்கியம். மூன்றாவது பூனை எங்கே போயிற்று என்று தெரியவில்லை, அதுவும் சௌக்கியமாகவே இருக்கும். அரிசோனா வெயிலில் உங்கள் முழங்காலும், அதோடு சேர்ந்த மற்ற பாகங்களும் சௌக்கியமாக இருக்க வேண்டும் என்று வாராவாரம் கோவிலில் நினைத்துக்கொள்கிறோம். இங்கே முதல் பனி விழுந்துவிட்டது. பெரிய பனி என்று சொல்ல முடியாது, சின்னப் பனி என்றும் சொல்ல முடியாது.

நீங்கள் போட்ட கார்டு வந்து சேர்ந்தது. "வரிசையா முப்பத்தோரு ஆட்டம் தோத்த நம்ம காலேஜ் எப்படிய்யா ஜெயிச்சுது? நீதான் பக்கத்துலயே நின்னவன், விவரமா எழுது" என்று கேட்டிருந்தீர்கள். நாலு வரியில் பதில் எழுதிப் போட்டிருப்பேன். ஆனால் ஆட்டம் முடிந்த நாளிலிருந்து நான் சோற்றில் கை வைத்துவிட்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன் என்கிறாள் மார்லிஸ். "மனசுல கெடக்கறத எங்கண்ணனுக்கு எழுதிப் போடுங்க. இருபத்தாறு வருஷம் ஃபுட்பால் நடுவரா கோடு போட்ட சட்டை மாட்டிக்கிட்டு விசில் ஊதினவரு. அவரு சொன்னா கேப்பீங்க, நான் சொன்னா எங்க கேக்கறீங்க?" என்றாள். ஆகவே இது கடிதம் மாத்திரமல்ல, ஒரு வழக்கு. நீங்கள்தான் தீர்ப்புச் சொல்ல வேண்டும்.

ஆகஸ்டில் கல்லூரி நிர்வாகக் குழு சொன்னது உங்களுக்கு நினைவிருக்கும். இந்த வருடம் ஒரே ஒரு ஆட்டமாவது ஜெயிக்க வேண்டும், இல்லாவிட்டால் ஃபுட்பாலை மூடிவிடுவார்கள். கல்லூரியில் மொத்தம் நானூற்றுப் பன்னிரண்டு பிள்ளைகள். அதில் நூற்றெட்டுப் பேர் ஃபுட்பால் ஆடத்தான் இந்த ஊருக்கு வந்தவர்கள். அவர்கள் போனால் கல்லூரி போகும். கல்லூரி போனால் பேக்கரி போகும், பெட்ரோல் பங்க் போகும், மார்லிஸ் பத்தொன்பது வருடமாக வேலை பார்க்கும் கல்லூரிச் சமையல்கூடம் போகும். பிறகு நானும் அவளும் இரண்டு பூனைகளும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியதுதான். இதையெல்லாம் மனதில் வைத்துக்கொண்டு மேலே படியுங்கள்.

ஃபுட்பாலைப் பற்றி எனக்குத் தெரிந்ததை எழுதிவிடுகிறேன், தப்பிருந்தால் திருத்துங்கள். பந்து கையில் உள்ள அணிக்கு நான்கு வாய்ப்பு. அதற்குள் பத்து கஜம் முன்னேறினால் மறுபடி நான்கு வாய்ப்பு. முன்னேறாவிட்டால் பந்தை எதிராளியிடம் கொடுத்துவிட வேண்டும். அந்தப் பத்து கஜம் எது என்று காட்டத்தான் மைதானத்தின் ஓரத்தில் நாங்கள் மூன்று பேர் நிற்கிறோம். பின்கம்பு என்னிடம், முன்கம்பு நார்பர்ட் ஹௌகனிடம், இரண்டு கம்புக்கும் நடுவே பத்து கஜச் சங்கிலி. எத்தனையாவது வாய்ப்பு என்று காட்டும் எண்பலகை, ஓய்வுபெற்ற பல் டாக்டர் வெண்டலிடம். பத்து கஜம் வந்ததா இல்லையா என்று சந்தேகம் வந்தால், சங்கிலியை உள்ளே கொண்டுபோய் இழுத்துப் பிடித்து, பந்தின் கூர்மூக்கு முன்கம்பைத் தொடுகிறதா என்று பார்ப்பார்கள். இவ்வளவுதான் எனக்குத் தெரியும். இருபத்திரண்டு பேர் ஏன் ஒருவர் மேல் ஒருவர் விழுகிறார்கள், கோடு போட்ட சட்டைக்காரர் ஏன் திடீரென்று மஞ்சள் கைக்குட்டையைத் தரையில் போட்டுவிட்டு அதைத் தானே குனிந்து எடுத்துக்கொள்கிறார் என்பதெல்லாம் பதினேழு வருடமாக எனக்கு விளங்கவில்லை. நீங்கள் அந்தக் கைக்குட்டையைப் போட்டவர் என்பதால் இத்தனை நாள் கேட்கவும் கூச்சமாக இருந்தது. வெண்டல் "நடங்க" என்றால் நடப்பேன், "நில்லுங்க" என்றால் நிற்பேன். நாற்பது வருடம் கறவை மாடுகளோடு போய்வந்தவனுக்கு அது ஒன்றும் சிரமமில்லை.

நார்பர்ட்டும் நானும் பேசிக்கொள்வதில்லை என்பது உங்களுக்குத் தெரியும். காரணம் மறந்திருக்கலாம். பதினோரு வருடத்துக்கு முன்னால் கோவில் விருந்தில் ஒரு எலுமிச்சைக் கேக் துண்டு கடைசியாகத் தட்டில் கிடந்தது. கடைசித் துண்டை முழுசாக எடுப்பது நம் ஊரில் எவனும் செய்யாத காரியம். ஒருவர் பாதி வெட்டி எடுப்பார், அடுத்தவர் அதில் பாதி, அதற்கடுத்தவர் அதிலும் பாதி, கடைசியில் நகத்தளவு மிஞ்சியது தட்டிலேயே காய்ந்து, பாத்திரம் கழுவுகிறவர் வழித்துப் போடுவார். மரியாதை என்றால் அது. நார்பர்ட் முழுத் துண்டையும் எடுத்து வாயில் போட்டுக்கொண்டான். நான் சும்மா இருந்திருக்கலாம். "யாருக்கோ நல்ல பசி போல" என்று சொல்லிவிட்டேன். அம்மா அப்பாவை இழுத்துத் திட்டியிருந்தால்கூட அவன் மறந்திருப்பான், இதை மறக்கவில்லை. அன்றிலிருந்து சனிக்கிழமைதோறும் ஒரே சங்கிலியின் இரண்டு முனையில் நின்றுகொண்டு, இடையில் உள்ள வெண்டல் மூலமாகத்தான் பேச்சு.

"வெண்டல், அவர கம்ப கொஞ்சம் நேரா வெக்கச் சொல்லுங்க."

"வெண்டல், கம்பு நேராத்தான் இருக்கு, பாக்கறவரு கழுத்துதான் கோணல்னு சொல்லுங்க."

"முப்பது வருஷம் ஊர்ல உள்ள அத்தன பேர் வாயையும் தொறக்க வெச்சேன்" என்பார் வெண்டல். "ஒங்க ரெண்டு பேர் வாயத்தான் ஒருத்தரப் பாத்து ஒருத்தர் தொறக்க வெக்க முடியல."

இந்தச் சண்டையால் சங்கிலிக்கும் ஒரு முறை ஏற்பட்டுவிட்டது. நடுவில் ஒரு சிவப்பு நாடா கட்டியிருக்கிறோம். நாடாவுக்கு இந்தப் பக்கம் என்னுடையது, அந்தப் பக்கம் அவனுடையது. எண்ணெய் போடுவது, துரு சுரண்டுவது, கம்புக்குச் சாயம் அடிப்பது எல்லாம் அவரவர் முனையை அவரவர். மற்றவன் முனையைத் தொடுவது கிடையாது, உற்றுப் பார்ப்பதும் கிடையாது.

செப்டம்பர் முதல் ஆட்டத்திலேயே தொல்லை ஆரம்பமாகியது. எதிரணியில் ஃபிரிட்ஜ் அளவுக்கு ஒரு பையன், பந்தோடு கோட்டைத் தாண்டி ஓடிவந்து சங்கிலியில் காலை விட்டு, என்னையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போய்ச் சூடான சாக்லேட் விற்கிற மேஜை மேல் கவிழ்ந்தான். எழுந்து நாலு தடவை மன்னிப்புக் கேட்டான். அங்கே நின்றது என் தப்பு என்று நானும் நாலு தடவை சொன்னேன். சங்கிலி என் முனையில் அறுந்துவிட்டது. புதுச் சங்கிலி வாங்கக் கூடாதா என்று வேறு யாராவது கேட்கலாம், நீங்கள் இந்த ஊரில் பிறந்தவர், கேட்க மாட்டீர்கள். வீட்டுக்குக் கொண்டுவந்து பார்த்தேன். அறுந்த இடத்தைச் சுற்றி ஒன்பது கண்ணிகள் துருப்பிடித்து இளைத்திருந்தன. ஒன்பதையும் வெட்டி ஒரு காபி டப்பாவில் போட்டேன், நல்ல கண்ணியை நல்ல கண்ணியோடு சேர்த்து முறுக்கினேன். வெட்டியதற்கு ஈடாக வேறு கண்ணி சேர்க்க வேண்டும் என்று நினைத்துக்கொண்டிருந்தபோதே மார்லிஸ் தக்காளியைப் பாட்டிலில் அடைக்கக் கூப்பிட்டாள். எழுபத்திரண்டு பாட்டில். அதோடு அந்த நினைப்பு போயிற்று.

அதற்குப் பிறகு நடந்ததைச் சொல்ல எனக்கே வெட்கமாக இருக்கிறது. மூன்றாவது ஆட்டத்துக்குப் பந்தை எறிகிற பையன் வரவில்லை, அவனுக்கு வேதியியல் பரீட்சை. நான்காவது ஆட்டத்தில் பந்தை உதைக்கிறவனுக்கு உதடு வீங்கிவிட்டது. உதட்டுக்கும் உதைக்கும் என்ன சம்பந்தம் என்று நானும் கேட்டேன். அவன்தான் இடைவேளையில் கவசத்தைக் கழற்றாமலே பேண்டு வாத்தியத்தில் டிராம்போன் ஊதுகிறவன், உதடு வீங்கிய கவலையில் உதை கோணலாகப் போயிற்றாம். பழைய மாணவர்கள் கூடுகிற நாளில், நம் கல்லூரிச் சின்னமான நாரையின் வேஷம் போட்ட பெண்ணின் நாரைத் தலையைக் காற்று தூக்கிக்கொண்டு போய் ஆற்றில் போட்டது. அவள் தலையில்லாத நாரையாக மூன்று மணி நேரம் குதித்தாள், அதைப் பார்த்த குழந்தைகள் அழுதன. அக்டோபர் நடுவில் மக்காச்சோள அறுவடை வந்ததும் முன்வரிசைப் பையன்கள் மூன்று பேர் அப்பாவுக்கு உதவ ஊருக்குப் போய்விட்டார்கள். அவர்கள் இடத்தில் சேர்ந்திசைக் குழுவிலிருந்து இரண்டு பேரைக் கோச் பிடித்து வந்தார். அவர்கள் எதிராளியைத் தள்ளுவதற்கு முன்னால் "தள்ளட்டுமா?" என்று கேட்டார்கள் என்று கேள்வி. எட்டு ஆட்டம் போனது இப்படித்தான்.

அக்டோபர் கடைசிச் செவ்வாய்க்கிழமை, குளிர்கால ஜன்னல் மாட்ட ஒரு திருகாணி தேடி அந்தக் காபி டப்பாவைத் திறந்தேன். ஒன்பது கண்ணிகள். கண்ணிக்கு இரண்டு அங்குலம் வீதம் பதினெட்டு அங்குலம், அதாவது அரை கஜம். நடுவில் நடந்த மூன்று உள்ளூர் ஆட்டங்களிலும் பத்து கஜம் என்று நான் பிடித்துக்கொண்டு நின்றது ஒன்பதரை கஜம். இன்னொரு தடவை எண்ணினேன், ஒன்பதுதான். யாரும் எப்படிக் கவனிக்கவில்லை என்று யோசித்தேன். நம் மைதானத்தில் கஜக் கோடு போடுகிறவர் வேதபாடப் பேராசிரியர். அவர் கோடும் அவர் பிரசங்கம் மாதிரிதான், எங்கெங்கோ போய்விட்டு வரும். கம்பு கோட்டிலிருந்து தள்ளி நின்றால் எல்லாரும் கோட்டைத்தான் சந்தேகப்படுவார்கள். சரி, சங்கிலி குட்டையானதால் லாபம் யாருக்கு? நமக்குக் குட்டை என்றால் எதிராளிக்கும் அதே குட்டைதானே? அப்படியானால் தப்பே இல்லையா? அல்லது இரண்டு தப்பா? இதை நினைத்துக்கொண்டே ஜன்னலைத் தலைகீழாக மாட்டிவிட்டேன்.

மறுநாளே கோச்சிடம் சொல்லிவிடலாம் என்று போனேன். கோச் ட்ராவிஸ் இருபத்தொன்பது வயதுப் பிள்ளை. அவரேதான் கோச், அவரேதான் பஸ் ஓட்டுகிறவர், அன்று நூற்றெட்டுப் பேருடைய கால்சட்டையையும் துவைத்துக்கொண்டிருந்தார். நேராக விஷயத்துக்குப் போவது அழகல்ல என்று நான் முதலில் காற்றைப் பற்றிப் பேசினேன்.

"காத்து வடக்கேருந்து திரும்பியிருக்கு கோச்."

"ஆமாங்க சார். சனிக்கெழம பனி வரும்ங்கறாங்க."

"வந்தாலும் வரும்."

"வராமலும் போகும்."

இப்படி இருபது நிமிடம் போயிற்று. பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு, "கோச், அந்தச் சங்கிலி விஷயமா ஒண்ணு..." என்றேன். அவர் சோப்புக் கையோடு என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"தெரியும் சார்! நீங்களே வீட்டுக்கு எடுத்துட்டுப் போயி சரி பண்ணிக் குடுத்தீங்களாமே. ஒங்கள மாதிரி நாலு பேருனாலதான் சார் இந்த டீம் இன்னும் உசுரோட இருக்கு. ஜனவரில எங்களுக்குக் கொழந்த பொறக்குது. டீம் போச்சுன்னா வேலையும் போச்சு, காலேஜ் குடுத்த வீடும் போச்சு. ஆனா நான் யார்கிட்டயும் சொல்றதில்ல. ஒங்ககிட்ட சொல்லிட்டேன், தப்பா எடுத்துக்காதீங்க."

அவர் கண் கலங்கியிருந்தது. நான் ஏதாவது சொல்வேனா? இரண்டு ஆள் நுழையக்கூடிய ஒரு கல்லூரிச் சட்டையை அன்பளிப்பாக வாங்கிக்கொண்டு வந்து சேர்ந்தேன்.

வெள்ளிக்கிழமை பாஸ்டர் ஜோலினிடம் போனேன். அங்கே நான் காற்றைப் பற்றி ஐந்து நிமிடத்துக்கு மேல் பேசவில்லை. "பாஸ்டரம்மா, ஒரு சங்கிலி என் மனச உறுத்துது" என்றதும் அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"ஒங்களையும் நார்பர்ட்டையும் ஆண்டவர் ஒரே சங்கிலில கட்டி வெச்சிருக்காரே, அதத்தான சொல்றீங்க? பதினோரு வருஷமா இந்த வார்த்தைக்குத்தான், ஆர்விட், நான் காத்துக்கிட்டிருந்தேன்!"

நான் இல்லை என்று சொல்ல வாயெடுப்பதற்குள் ஜெபம் ஆரம்பித்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கம் முழுக்கச் சங்கிலிதான். கோவிலில் இருந்த எண்பது பேரும் முதலில் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள், பிறகு நார்பர்ட்டைப் பார்த்தார்கள். அவன் பாட்டுப் புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்துப் படித்துக்கொண்டிருந்தான்.

இனி யாரிடமும் சொல்லிப் பயனில்லை, செய்ததை நானே சரிசெய்துவிடலாம் என்று முடிவு செய்தேன். ஒன்பதாவது ஆட்டம் வெளியூரில் தோற்றுவிட்டோம். கடைசி ஆட்டம் நம் மைதானத்தில், மவுண்ட் ஹீப்ரான் கல்லூரியோடு. அதற்கு முந்தின வெள்ளிக்கிழமை மத்தியானம் சாமான் கொட்டகைச் சாவியைப் பூந்தொட்டிக்கு அடியிலிருந்து எடுத்து உள்ளே போனேன். அந்த ஒன்பது கண்ணியையும் கம்பித் தூரிகையால் தேய்த்து, ஒவ்வொன்றையும் இழுத்துப் பார்த்து, என் முனையில் மறுபடி சேர்த்தேன். நார்பர்ட் முனையில் ஏதோ ஆரஞ்சு நாடா சுற்றி வைத்திருந்தான். அது அவன் பாடு, நான் அந்தப் பக்கம் திரும்பவில்லை. சேர்த்த பிறகு அளந்து பார்த்தாயா என்று நீங்கள் கேட்கலாம். வெட்டியது ஒன்பது, சேர்த்தது ஒன்பது, இதில் அளக்க என்ன இருக்கிறது? அன்று வீட்டுக்கு வந்து இரண்டு தட்டுச் சாப்பிட்டேன்.

சனிக்கிழமை காலையில் பனி விழுந்து கோடெல்லாம் மூடிவிட்டது. பேராசிரியர் விளக்குமாறால் கூட்டினார், கோடும் சேர்ந்து போயிற்று. ஆட்டத்தை நான் வர்ணிக்க மாட்டேன், எனக்குத் தெரியாது. கடைசியில் நாம் பதின்மூன்று, அவர்கள் பன்னிரண்டு, நேரம் நாற்பது விநாடி, பந்து அவர்களிடம், நான்காவது வாய்ப்பு என்று வெண்டல் பல் நடுங்கச் சொன்னார். அவர்களுடைய பையன் ஒருவன் பந்தை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு கூட்டத்துக்குள் பாய்ந்தான். எல்லாரும் விழுந்தார்கள். ஒவ்வொருவராக எழுப்பிவிட்டுப் பார்த்தபோது, பந்து பத்து கஜத்தைத் தொட்டதா இல்லையா என்று யாருக்கும் சொல்லத் தெரியவில்லை. நடுவர் எங்களைப் பார்த்துக் கையை ஆட்டினார்.

டுவேன், இந்த அறுபத்தெட்டு வயதில் நான் கம்பை இரண்டு கையாலும் பிடித்தது அன்றைக்குத்தான். நார்பர்ட்டும் நானும் சங்கிலியைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனோம். கோச் பனியில் முழங்காலிட்டுக் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். மார்லிஸ் சூப் அண்டாவைத் திறந்தபடி விட்டுவிட்டுக் கரண்டியோடு கோட்டுக்குப் பக்கத்தில் வந்து நின்றாள். நான் பின்கம்பை ஊன்றினேன். நார்பர்ட் சங்கிலியை இழுத்து முன்கம்பை நட்டான். பந்தின் மூக்குக்கும் கம்புக்கும் நடுவே என் மூன்று விரல் நுழையும். தொடவில்லை! நடுவர் கையைத் திருப்பிக் காட்டினார். பந்து நமக்கு, ஆட்டம் நமக்கு.

அதற்கப்புறம் ஒரே அமளி. பிள்ளைகள் ஜெயித்த சந்தோஷத்தில் கோல் கம்பத்தைப் பிடுங்க ஓடினார்கள். காவல்காரர், "வேணாமே தம்பிகளா" என்று சொன்னதும் கம்பத்தை நேராக நிறுத்தி, மண்ணைக் காலால் மிதித்துச் சமன்செய்துவிட்டு வந்தார்கள். பதினான்கு வருடமாகத் தங்களிடம் இருந்த வெற்றிச் சின்னத்தை, அந்தப் பழைய வெண்ணெய்ப் பீப்பாயை, மவுண்ட் ஹீப்ரான் பையன்களே தூக்கிக்கொண்டு வந்து நம் அறையில் வைத்துவிட்டு, "நல்லா ஆடுனீங்க" என்று கைகுலுக்கிவிட்டுப் போனார்கள். கோச் அழுதார், வெண்டல் அழுதார், நானும் அழுதேன். நார்பர்ட் மட்டும் கொஞ்சம் தள்ளாடிக்கொண்டு வந்து, "வெண்டல், இன்னைக்கு நல்லா இழுத்துப் பிடிச்சாருன்னு சொல்லுங்க அவர்கிட்ட" என்றான். பதினோரு வருடத்தில் முதல் நல்ல வார்த்தை. "வெண்டல், காதுல விழுந்துச்சுன்னு சொல்லுங்க" என்றேன்.

செவ்வாய்க்கிழமை நிர்வாகக் குழு கூடி, ஃபுட்பால் இன்னும் ஐந்து வருடம் இருக்கும் என்று அறிவித்துவிட்டது. கோச் தம் வீட்டுக்குச் சாயம் அடிக்க ஆரம்பித்துவிட்டார்.

இப்போது வழக்குக்கு வருகிறேன். கடைசி ஆட்டத்தில் எனக்குத் துளிக்கூடச் சந்தேகமில்லை. செப்டம்பரில் அறுந்ததற்கப்புறம் சங்கிலி சரியாகப் பத்து கஜம் இருந்தது அந்த ஒரு நாள்தான், அந்த நாளில்தான் ஜெயித்தோம். நியாயமாக நடந்தால் ஆண்டவர் கைவிட மாட்டார் என்பதற்கு இதைவிட வேறென்ன வேண்டும்? என்னை உறுத்துவதெல்லாம் அந்த மூன்று ஆட்டங்கள். அவற்றைப் பற்றி நான் ஆட்டங்களை நடத்துகிற லீகுக்கு எழுதித் தெரிவிக்க வேண்டுமா? தெரிவித்தால் மூன்று தோல்வியையும் இன்னொரு தடவை ஆடச் சொல்வார்களா? மார்லிஸைக் கேட்டால், "தோத்ததுக்கு யாராவது மன்னிப்புக் கேப்பாங்களா?" என்கிறாள். எனக்கு ஒன்றும் புரியவில்லை. நீங்கள் எழுத வேண்டும் என்றால் எழுதுகிறேன், வேண்டாம் என்றால் விட்டுவிட்டுத் தூங்குகிறேன்.

வியாழக்கிழமை வான்கோழி விருந்துக்கு உங்களை நினைத்துக்கொண்டு ஒரு தட்டு அதிகமாக வைப்போம். கர்த்தர் உங்கள் முழங்காலையும் புத்தியையும் நல்ல நிலையில் காப்பாற்றி, சரியான தீர்ப்பைச் சொல்ல உதவுவாராக. மார்லிஸ் தன் அன்பையும், ஆறு பாட்டில் தக்காளியையும் தனியே அனுப்புகிறாள்.

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படிதலுள்ள மைத்துனன்
ஆர்விட் டோலெஃப்சன்

பின்குறிப்பு, திங்கட்கிழமை: கடிதத்தைக் கோட்டுப் பையில் வைத்துக்கொண்டு தபால் நிலையம் போகிற வழியில், சங்கிலிக்குக் குளிர்கால எண்ணெய் போட்டுவிட்டுப் போகலாம் என்று கொட்டகைக்குள் நுழைந்தேன். நார்பர்ட் அங்கே தன் முனையிலிருந்து அந்த ஆரஞ்சு நாடாவைப் பிரித்துக்கொண்டிருந்தான். உள்ளே பளபளவென்று புதுக் கண்ணிகள். பார்க்கக் கூடாதுதான், பார்த்துவிட்டேன். ஒன்பது.

"நார்பர்ட், இது என்ன?" என்று நேராகவே கேட்டுவிட்டேன். அவன் வழக்கம்போல் வெண்டல் நிற்கிற இடத்தைப் பார்த்தான். வெண்டல் சனிக்கிழமையே புளோரிடா போய்விட்டார். எண்ணெய் டப்பாவைப் பார்த்தான். பிறகு என்னைப் பார்த்தான்.

"ரெண்டாவது ஆட்டத்துலயே கண்டுபிடிச்சுட்டேன். ஒங்கம்புலேர்ந்து எங்கம்புக்கு நடந்தா பதினோரு எட்டு வெக்கற எடத்துல பத்தரைதான் வந்துச்சு. நீதான் வெட்டிட்டுத் திரும்பச் சேக்க மறந்துட்டன்னு தெரிஞ்சுது. ஒங்கிட்ட எப்படிச் சொல்றது? வெண்டல்கிட்ட சொன்னா ஊரு பூரா தெரிஞ்சு ஒனக்கு அசிங்கமாயிடும். அதான் மறு ஆட்டத்துக்குள்ள எம்மாட்டுக்கு வாங்கின புதுச் சங்கிலிலேர்ந்து ஒம்போது கண்ணி எடுத்து எம்முனையில சேத்துட்டேன்."

இவன் எனக்காக இதைச் செய்தானா என்று நினைத்து இரண்டடி அவன் பக்கம் போனேன். மூன்றாவது அடியில் நின்றுவிட்டேன். அந்த வெள்ளிக்கிழமை நான் செய்ததைச் சொன்னேன். அவன் அளவு நாடாவை எடுத்தான். இரண்டு பேருமாகத் தரையில் நீட்டி அளந்தோம். பத்து கஜம், பதினெட்டு அங்குலம்.

"அன்னைக்கு எனக்கு அரை எட்டு கூட வெக்க வேண்டியிருந்துச்சு" என்றான் நார்பர்ட். "வயசாயிடுச்சு, காலு சரியில்லன்னு நெனச்சுக்கிட்டேன்."

மூன்று விரல், டுவேன். மூன்றே விரல் இடைவெளி. அந்தப் பையன் பத்து கஜத்தைத் தாண்டியே விழுந்திருக்கிறான். எழுந்து வந்து எனக்குக் கையும் கொடுத்துவிட்டுப் போனான்.

இரண்டு பேரும் கவிழ்த்த வாளியில் உட்கார்ந்தோம். "லீகுக்கு எழுதிடணும் நார்பர்ட், மவுண்ட் ஹீப்ரானுக்குச் சொல்லணும்" என்றேன். அவன் திறந்திருந்த கதவு வழியாக வெளியே பார்த்தான். கோச் ஏணியில் நின்று, குழந்தைக்கான அறையின் ஜன்னலுக்கு மஞ்சள் அடித்துக்கொண்டிருந்தார். சமையல்கூடத்துப் பின்வாசலில் மார்லிஸ் ரொட்டித் தட்டுகளை உள்ளே தூக்கிக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணுமில்லாததுக்கே பதினோரு வருஷம் பேசாம இருந்தோம் ஆர்விட்" என்றான். "இவ்ளோ பெரிய விஷயத்துக்குப் பேசாம இருக்க முடியாதா நம்மளால?"

முடியும் என்று ஒத்துக்கொண்டு வந்துவிட்டேன். ஆனால் உங்களுக்கு எழுதக் கூடாது என்று எங்களுக்குள் பேச்சு வரவில்லை, ஆகவே இதைத் தபாலில் சேர்க்கிறேன். இருபத்தாறு வருடம் விசில் ஊதியவர் நீங்கள். ஊதுவதா, சும்மா இருப்பதா என்று நீங்களே பார்த்துச் செய்யுங்கள். நார்பர்ட் காபி போட்டுவிட்டுக் காத்திருப்பான், நான் போக வேண்டும்.